ஊசி போடாத நேர்ஸ் அக்கா

பாரிசில் எங்கள் சனம் கூடுகிற லாசப்பலில் ஒரு ஊசிகூடப் போடாமல், ஒரு மாத்திரைகூடக் கொடுக்காமல் பாதிச் சனத்தின் வருத்தத்தை மாற்றியவர் எங்கள் நேர்ஸ் அக்கா ஒருவர்தான். இப்படி ஒரு நேர்ஸ் வேறு எந்த ஊரிலாவது இருந்திருந்தால் அங்கே ஆஸ்பத்திரியை மூடிவிட்டு மரக்கறிக் கடை போட்டிருப்பார்கள். இத்தனைக்கும் அவர் நேர்ஸ் இல்லை. இங்கிலாந்துத் தொலைக்காட்சியில் முப்பது வருடம் நேர்ஸாக நடித்தவர். அவரின் சொந்தப் பெயரை நான் இங்கே எழுதப்போவதில்லை. அது வர வேண்டிய இடத்தில் ஒரு தடவை வந்துவிட்டது. அந்தக் கதையைத்தான் சொல்லப்போகிறேன்.

அவர் லண்டனிலிருந்து எங்கள் பக்கம் வந்து சேர்ந்தது 2009 இல், குளிர் தொடங்குகிற நேரம். நான் அப்போது ரூ பிலிப்-து-ஜிரார் தெருவில் ஒரு அச்சகத்தில் கொம்பியூட்டரில் தமிழ் அடித்துக்கொண்டிருந்தேன். கல்யாணக் காட், சாமத்தியவீட்டுக் காட், கடை திறப்பு நோட்டீஸ் எல்லாம் எங்களிடம் வரும். அந்த வருடம் மே மாதம் ஊரில் சண்டை முடிந்த பிறகு பல மாதங்கள் மரண அறிவித்தல் தவிர வேறு எதையும் அடித்ததாக எனக்கு நினைவில்லை. சிலர் இறந்த திகதிக்கு இடம் விடச் சொல்லிவிட்டு, தெரிய வந்தால் பிறகு சொல்லுகிறோம் என்று போனார்கள். திரும்பி வராதவர்களும் இருந்தார்கள்.

அப்படியான ஒரு நாளில்தான் ஒரு பெண்மணி கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்தார். ஐம்பத்தைந்து வயது மதிக்கலாம். இரண்டு அடி வைத்து நின்று, அண்ணாந்து கூரையைப் பார்த்து, இடது பக்கமாக ஓரடி நகர்ந்து ரியூப் லைட்டுக்கு நேர் கீழே வந்து நின்ற பிறகுதான் வணக்கம் சொன்னார். ஆளுக்குக் கழுத்துப் பிடிப்பு என்று நினைத்தேன். எந்தக் கடைக்குள் போனாலும் முதலில் வெளிச்சம் தேடுவது அவரின் பழக்கம் என்று பிறகுதான் தெரிந்தது.

இன்னொரு பழக்கம் இதைவிட மோசம். மரக்கறிக் கடையில் முருங்கைக்காய் முற்றல் என்று சண்டை பிடிப்பார். சொல்ல வந்த வசனம் பாதியில் தடுமாறினால், கையைக் காட்டிக் கடைக்காரரை நிறுத்திவிட்டு வெளியே போவார். பிறகு கதவைத் திறந்து திரும்பி வந்து, அதே கோபத்தோடு, அதே முருங்கைக்காயைத் தூக்கி முதலிலிருந்து தொடங்குவார். மூன்றாவது தடவை கதவு திறக்கும்போது கடைக்காரர் நல்ல பிஞ்சுக் காயாகப் பார்த்துக் கையில் கொடுத்துவிடுவார். அந்தக் கடையில் எங்கள் யாருக்கும் அப்படிப்பட்ட காய் கிடைத்ததில்லை.

லண்டனிலிருந்து கல்யாணத்துக்கு வந்த ஒருவர்தான் அவரைத் தேநீர்க் கடையில் அடையாளம் கண்டு, இவ எங்கடை ரீவியிலை வாற நேர்ஸ் எல்லோ என்று எல்லாருக்கும் கேட்கச் சொல்லிவிட்டுப் போனார். ஒரு கிழமைக்குள் ரீவி கழன்று விழுந்துவிட்டது. நேர்ஸ் மட்டும் ஒட்டிக்கொண்டது. அடுத்த மாதம் சீனி வருத்தக்காரர், பிறஷர்க்காரர், முழங்கால் நோக்காட்டுக்காரர் எல்லாரும் தங்கள் மருந்துத் துண்டுகளோடு அவரை மறிக்கத் தொடங்கினார்கள். நான் நேர்ஸ் இல்லை என்று அவர் எத்தனையோ தடவை சொல்லிப் பார்த்தார். சனம் அதைத் தன்னடக்கம் என்று எடுத்துக்கொண்டது.

முப்பது வருடத்தில் அவருக்குக் கிடைத்த வசனம் கிட்டத்தட்ட ஒன்றேதான். டொக்டர் இப்ப வந்திடுவார், பயப்பிடாதேங்கோ. இதைத்தான் வெவ்வேறு நாடகங்களில், வெவ்வேறு வெள்ளைக்கார நோயாளிகளிடம் ஆங்கிலத்தில் சொல்லியிருக்கிறார். ஆனால் என்ன மாதிரிச் சொல்லுவார் தெரியுமா! மணிக்கட்டை மெல்லப் பிடித்து, தலையைக் கொஞ்சம் சரித்து, கண்ணைக் கண்ணில் வைத்துச் சொன்னால் கேட்கிறவருக்கு நெஞ்சுக்குள் இருந்த பாரம் இறங்கிவிடும்.

ஒரு நாள் தேநீர்க் கடையில் ஒருவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கதிரையோடு சரிந்தார். விசா இல்லாதவர். பிரெஞ்சு ஆஸ்பத்திரிக்குப் போனால் பிடித்து நாட்டுக்கு அனுப்பிவிடுவார்கள் என்று பயந்து, விழுந்து கிடந்தபடியே வேண்டாம் வேண்டாம் என்று கையை ஆட்டினார். கடை முழுவதும் நேர்ஸ் அக்காவைக் கூப்பிட்டது. அக்கா பக்கத்தில் முழந்தாளிட்டு மணிக்கட்டைப் பிடித்துத் தன் ஒரே வசனத்தை, பொம்பியேக்காரர் அம்புலன்ஸோடு வந்து ஆளைத் தூக்கிக்கொண்டு போகும்வரை ஒரு இருபது தடவை சொன்னார். மனிதர் கையை ஆட்டுவதை நிறுத்திவிட்டு அவரையே பார்த்தபடி போனார். அவர் பிழைத்து வந்து, அக்கா இல்லாவிட்டால் நான் இல்லை என்று இன்றைக்கும் சொல்லிக்கொண்டு திரிகிறார். அக்கா அன்றைக்கு என்னிடம் வந்து தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு, நாடி கையில் எந்தப் பக்கம் இருக்கிறதென்று தனக்கு இன்னமும் தெரியாது என்று சொன்னார்.

அந்த நாளுக்குப் பிறகுதான் அவர் ஒரு கடதாசிக் கட்டோடு அச்சகத்துக்கு வந்தார். அவர் நடித்த எல்லா வேடங்களினதும் பட்டியல், ஆங்கிலத்தில். தன் அம்மா வாசிப்பதற்குத் தமிழில் அடித்துத் தரவேண்டும் என்றார். நாற்பத்தாறு வேடங்கள். கடைக்காரரின் மனைவி. பஸ் தரிப்பில் நிற்கும் பெண். இரண்டாவது அயலவர். பிரேதம். பிரேதமாகக் கிடந்ததுதான் தன் வாழ்க்கையிலேயே கஷ்டமான நடிப்பு என்றார், தும்மல் வந்துவிட்டதாம். மிச்சம் எல்லாம் நேர்ஸ். பெயருள்ள பாத்திரம் ஒன்றே ஒன்று, அது ஒரு சினிமாப் படத்தில். அதைச் சொல்லும்போது அவரின் குரல் இறங்கியது.

கதையை அவரே சொன்னார். வீட்டுக்கு மூத்த பிள்ளை. பத்தொன்பது வயதில் நேர்ஸ் படிக்க லண்டனுக்கு அனுப்பினார்கள். எட்டாவது மாதம் இரத்தத்தைப் பார்த்து விழுந்தவர், எழும்பி நேரே நாடகக் குழு ஒன்றுக்குப் போய்விட்டார். ஊருக்குச் சொல்லவில்லை. முதலில் கிடைத்த வேடம் நேர்ஸ். அந்த உடுப்போடு எடுத்த படத்தை வீட்டுக்கு அனுப்ப, அப்பா அதைக் கண்ணாடி போட்டு விறாந்தையில் மாட்டினார். முதல் படம் அனுப்பினது பிழை, இரண்டாவது படம் அனுப்பினது பெரிய பிழை, பேந்து நிற்பாட்ட ஏலாமல் போச்சு என்றார். அதற்குப் பிறகுதான் அந்தச் சினிமா. அதில் அவர் ஒரு வெள்ளைக்காரனை முத்தமிடுவார். படத்தில் அது நாலு விநாடி. வீடியோக் கசெற்றில் ஏறி யாழ்ப்பாணம் போன பிறகு அது முடியவே இல்லை.

அப்பா கதைப்பதை நிறுத்தினார். அவர் செத்தபோது பத்திரிகையில் வந்த அறிவித்தலை யாரோ லண்டனுக்கு அனுப்பிவைத்தார்கள். பாசமிகு பிள்ளைகள் என்ற இடத்தில் மூன்று பெயர் இருந்தது.

"நாங்கள் நாலு பேர், தம்பி," என்றார் அக்கா.

வெளியில் இருக்கிறவர்களுக்கு இது விளங்குமோ தெரியாது. எங்கள் ஆட்களுக்கு மரண அறிவித்தல் என்பது செத்தவரைப் பற்றிய செய்தி மட்டும் இல்லை. யார் யாருக்கு என்ன முறை என்று ஊருக்கே காட்டுகிற பத்திரம். பாரிசுக்கு வெளியே பொண்டியில் இருக்கிற ஒரு மருமகனின் பெயர் விடுபட்டால் அவர் செத்தவீட்டுக்கு வருவார், ஆனால் வாசலோடு நிற்பார். அதனாலேயே எங்கள் முதலாளி ஆட்கள் எழுதித் தந்ததில் ஒரு எழுத்தும் கூட்டக் கூடாது, குறைக்கக் கூடாது என்று எனக்குச் சத்தியம் வாங்காத குறை.

அக்காவின் அம்மா ஒருவர்தான் அந்த முத்தப் படத்தை நம்பவில்லை. பார்த்துவிட்டு, முகச்சாயல் கிடக்கு, ஆனால் என்ரை பிள்ளை நேர்ஸ் என்று சொல்லிவிட்டாராம். அந்த அம்மாவைத்தான் இப்போது அக்காவின் தம்பிக்காரர் பிரான்சுக்குக் கூப்பிட்டு, பாரிசுக்குப் பக்கத்தில் லெ பிளாங்-மெனிலில் தன் வீட்டில் வைத்திருந்தார். படுக்கையில் விழுந்துவிட்டார் என்று கேள்விப்பட்டு அக்கா லண்டனை விட்டு வந்தார். தம்பி கதவைத் திறந்து, இந்த வீட்டுப் படி மிதிக்கக் கூடாது என்று சொல்லிச் சாத்திவிட்டார். அக்கா லாசப்பலில் ஒரு அறை எடுத்துத் தங்கியது அதனால்தான்.

நான் அடித்துக் கொடுத்த பட்டியலை அவர் வாசித்துப் பார்த்தார். பிறகு பேனையை எடுத்து ஒவ்வொன்றாக வெட்டத் தொடங்கினார். பஸ் தரிப்புப் பெண் போனார், அயலவர் போனார், பிரேதம் போனது. பெயருள்ள அந்த ஒரு பாத்திரத்தில் பேனை கொஞ்ச நேரம் நின்றது. அதையும் வெட்டினார். மிஞ்சியவை பயிற்சி நேர்ஸ், இரண்டாவது நேர்ஸ், இரவு நேர்ஸ், பிள்ளைப்பேற்று விடுதி நேர்ஸ், தலைமை நேர்ஸ். மேலிருந்து கீழே வாசித்தால் முப்பது வருடம் ஒழுங்காக வேலை செய்து பதவி உயர்ந்த ஒருவரின் சேவைப் பதிவு மாதிரி இருந்தது.

"ஒண்டும் பொய்யில்லை, பாத்தீரோ," என்றார். வயதுபோன கண்ணுக்குத் தெரியவேண்டும் என்று பெரிய எழுத்தில் அடித்துக் கொடுத்தேன். கதவே திறக்காத வீட்டுக்குள் இது எப்படிப் போகும் என்று கேட்டேன். அதைத் தான் பார்த்துக்கொள்வதாகச் சொன்னார்.

அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் ஒரு பிளாஸ்ரிக் உறைக்குள் இஸ்திரி போட்ட நீலச் சட்டையோடு ரயிலுக்குப் போவதைக் கண்டோம். கழன்று விழுந்த ரீவி தெருவுக்குத் திரும்ப நினைவுக்கு வந்தது; பிரெஞ்சு ரீவியில் இடம் கிடைத்துவிட்டது என்று தெருவே முடிவெடுத்தது. இஞ்சையும் நேர்ஸ் வேசம்தானாம் என்று முதலாளி வருகிறவர்களுக்கெல்லாம் சொன்னார். எந்த நாளில் எந்தச் சானலில் வரும் என்று கேட்டால் அக்கா சிரித்துவிட்டுப் போவார். இப்படியே மூன்று குளிர்காலம் போனது.

ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் ஒருவர் மரண அறிவித்தல் கொடுக்க வந்தார். உணவகக் குசினியில் வேலை, ஞாயிறுகூட லீவில்லாத ஆள் என்று கையில் இருந்த எண்ணெய்க் காயங்களே சொல்லின. பெயர் சிவநேசன். செத்தது அவரின் அம்மா. முகவரி லெ பிளாங்-மெனில் என்று இருந்ததும் இவர்தான் அக்காவின் தம்பி என்று எனக்கு விளங்கிவிட்டது. பிள்ளைகள் என்ற இடத்தில் பிரான்ஸ், கனடா, சுவிஸ் என்று மூன்று பெயர். பின்னேரம் வந்து பிழை பார்ப்பதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

தந்ததை அப்படியே அடித்தேன். முதலாளி சாப்பாட்டுக்குப் போனதும் அக்காவுக்கு ரெலிபோன் எடுத்தேன். அம்மா போனது அவருக்கு ஞாயிறு இரவே தெரிந்திருந்தது. எங்களிடம் அறிவித்தல் வந்திருக்கிறது என்று மட்டும் சொன்னேன். அது என் வேலைக்கு ஒத்துவராத காரியம். ஆனாலும் சொன்னேன், சொன்னதற்கு வருந்தவில்லை.

அக்கா வந்தார். அன்றைக்கு வெளிச்சம் தேடவில்லை. நேரே என் மேசைக்கு வந்து திரையைக் கீழிருந்து மேலாக வாசித்தார். சின்ன வேடக்காரர் பெயர்ப் பட்டியலை அப்படித்தான் வாசிப்பார்களாம். மூன்று பெயரிலும் கண் போய் வந்தது. நான் மூன்றோடு நான்காக அடித்துவிடட்டுமா என்று கேட்டதற்கு, களவாக வேண்டாம் என்று தலையாட்டினார். அந்த நேரத்தில்தான் சிவநேசன் கதவைத் திறந்துகொண்டு வந்தார்.

அவர் முதலில் என்னைத்தான் பார்த்தார். சட்டைப் பையிலிருந்து மடித்த கடதாசி ஒன்றை எடுத்து மேசையில் விரித்தார். பயிற்சி நேர்ஸில் தொடங்கித் தலைமை நேர்ஸில் முடிகிற என் பட்டியல், மடிப்பு மடிப்பாக நைந்திருந்தது.

"இது உங்கடை அச்சகத்து எழுத்துத்தானே? அம்மாவின்ரை தலகணிக்குக் கீழை இருந்தது. ஆர் கொண்டந்து குடுத்தது?"

"நான்தான்," என்றார் அக்கா பின்னாலிருந்து. "ஞாயிற்றுக்கிழமையிலை வந்த நேர்ஸ் நான்தான்."

அப்போதுதான் எனக்கும் எல்லாம் விளங்கியது. அந்த வீட்டுக்கு அம்மாவைப் பார்க்க அரசாங்க நேர்ஸ்மார் வந்துபோவது வழக்கம். சிவநேசன் வேலைக்குப் போகிற ஞாயிறுகளில் அவரின் மனைவிதான் அக்காவுக்குக் கதவைத் திறந்துவிட்டிருக்கிறார். பிரெஞ்சு நேர்ஸ்மார் ஜீன்ஸோடு வந்து ஊசியைப் போட்டுவிட்டு ஓடுவார்கள். இவர் கஞ்சி போட்ட நீல உடுப்பும் நெஞ்சில் தலைகீழாகக் குத்திய மணிக்கூடுமாக, இங்கிலாந்து ரீவியிலிருந்து நேரே இறங்கிய மாதிரிப் போயிருக்கிறார். லண்டனில் வேலை கூட, லீவு கிடைக்கிற ஞாயிறுதான் வர ஏலும் என்று அம்மாவிடம் சொல்லியிருக்கிறார். அம்மா நம்பியிருக்கிறார். நம்பாமல் என்ன, அவர்தான் எப்போதும் நம்பியவர்.

கதவைத் திறந்தது யார் என்று சிவநேசன் கேட்கவில்லை. அவருக்குத் தெரியும். அவ்வளவு பெரிய மனிதர், பக்கத்திலிருந்த கடதாசிக் கட்டின்மேல் பொத்தென்று இருந்தார்.

"வந்த நேர்ஸ்மார் எல்லாரையும் அம்மா உன்ரை பேரைச் சொல்லித்தான் கூப்பிட்டவ," என்றார். "கறுப்புப் பிள்ளையள், வெள்ளைப் பிள்ளையள் எல்லாரையும். குளிக்க வாத்தது நான். சாப்பாடு தீத்தினது நான். என்ரை பேரைச் சொல்லி ஒருக்காலும் கூப்பிடேல்லை."

முகத்தை மூடிக்கொண்டு அழுதார். எனக்கு எங்கே பார்ப்பதென்று தெரியவில்லை. அக்கா போய் அவரின் தலையில் கையை வைத்தார்.

"உன்னைத்தான் கேப்பா. ஒவ்வொரு ஞாயிறும், தம்பி வேலையாலை வந்திட்டானோ, சாப்பிட்டவனோ எண்டு கேப்பா. இப்ப வந்திடுவான், பயப்பிடாதேங்கோ எண்டு சொல்லுவன்."

அது உண்மையா, நடிப்பா என்று எனக்குத் தெரியாது. அக்காவைக் கேட்கவும் எனக்கு மனம் வரவில்லை. சிவநேசன் எழும்பி, என்னைப் பார்த்து, அக்காவின்ரை பேரையும் போடும் என்றார். கடைசியில் போடும் என்றார்.

நான் விசைப்பலகையில் கையை வைத்துவிட்டேன். அக்கா என் தோளைப் பிடித்து நிறுத்தினார்.

"கடைசியிலை வேண்டாம்," என்றார் தம்பியிடம். "முப்பது வருசமா என்ரை பேர் கடைசியிலைதான் வந்தது. அது வர முன்னம் ஆக்கள் ரீவியை நிப்பாட்டிப்போட்டுப் படுக்கப் போயிடுவினம். அம்மாவின்ரை பிள்ளையளிலை நான்தான் மூத்தவள். முதலிலை போடுறதெண்டால் போடு. இல்லாட்டில் விடு."

"சனம் கேட்டால், என்ன வேலை செய்தவ எண்டு சொல்லுறது?"

"நேர்ஸ் எண்டு சொல்லு. அம்மா சொன்னதை மாத்தாதை."

எந்தத் தொழிலுக்காக அப்பனையும் ஊரையும் இழந்தாரோ, அந்தத் தொழிலை ஒரு மூச்சில் விட்டுக்கொடுத்தார். பெயரின் இடத்தை மட்டும் விடவில்லை. சிவநேசன் அக்காவைப் பார்த்தார், திரையைப் பார்த்தார். பிறகு, அவ சொல்லுற மாதிரிச் செய்யும் என்று சொல்லிவிட்டு மூக்கைத் துடைத்தார்.

செத்தவீட்டில் அக்கா பிள்ளைகளின் வரிசையில் முதலாவதாக நின்றார். கண்ணீர் வரவில்லை. நடிகை ஒருவர் அழுவதைப் பார்க்கலாம் என்று வந்த ஒன்றிரண்டு பேர் ஏமாந்து போனார்கள். நேர்ஸ்மார் அழமாட்டினம், எத்தினை சாவைப் பாத்தவை என்று பின்னால் யாரோ சொல்ல, எல்லாரும் ஓம் என்று தலையாட்டினார்கள். அம்மா உயிரோடு இருந்திருந்தால் அதைக் கேட்டு மகிழ்ந்திருப்பார்.

அடுத்த நாள் அக்கா எங்கள் கடைக் கண்ணாடியில் ஒட்டியிருந்த அறிவித்தலுக்கு முன்னால் வந்து நின்றார். இந்த முறை மேலிருந்து கீழே வாசித்தார். நான் உள்ளே இருந்து பயந்தபடி பார்த்துக்கொண்டிருந்தேன். மற்ற மூன்று பெயரையும் பதினான்கு பொயின்ற் அளவு எழுத்தில் போட்டிருந்தேன். அக்காவின் பெயரைப் பதினைந்தில் போட்டிருந்தேன். முதலாளி காணவில்லை, சிவநேசன் காணவில்லை, எழுத்தெண்ணிப் படிக்கிற லாசப்பல் சனம் ஒன்றும் காணவில்லை. அக்கா மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு இன்னொரு தடவை வாசித்தார். பிறகு கண்ணாடிக்கு இந்தப் பக்கம் இருந்த என்னைப் பார்த்தார்.

அந்த ரெலிபோனைத் தவிர முதலாளிக்கு ஒளித்து நான் செய்த வேலை அது ஒன்றுதான். இன்றைக்கு அடிக்கச் சொன்னால் பதினாறில் போடுவேன்.